ஜப்பானம்மாவின் இடது கண்

செத்தால்தான் வருவீர்கள். அவள் உயிரோடு இருந்தவரை ஒருத்தரும் இந்த மாடிப்படி ஏறவில்லை. பரவாயில்லை, உட்கார். அந்த நாற்காலி வேண்டாம், கால் ஆடும். இதில் உட்கார்.

பேர் என்ன சொன்னாய்? இளமதி. சரி. ஒரகடத்துக் கம்பெனியில் ஜப்பான்காரன் பேசுவதைத் தமிழில் சொல்கிற வேலை. கிக்குயே ஷிரகாமியைப் பற்றித் தமிழில் புத்தகம் எழுதுகிறாய். எழுது. எழுபத்து நாலு வருஷம் கேமரா முன்னால் நின்றவள். ஆனால் ஒன்று. அந்தப் புத்தகத்தில் என் பேர் வர வேண்டும். இன்ஷியலோடு. வராது என்றால் இப்போதே எழுந்து போய்விடு, காப்பிகூடக் கிடையாது.

வரும்தானே? சரி.

எழுதிக்கொள். ஜி. கோதண்டம். ஸ்டண்ட் ஃபைட்டர். தணிகாசலம் மாஸ்டர் குரூப். ஒன்பது வருஷம் லேடி டூப்.

என்ன முழிக்கிறாய்? அந்தக் காலத்தில் கதாநாயகிக்கு டூப் போட்டது ஆம்பளைதான். மாடியிலிருந்து குதிக்கிறாளே, யார் என்று நினைத்தாய்? நான். ஓடுகிற ஜீப்பிலிருந்து புடவையோடு விழுகிறாளே, நான். ஐந்தடி மூன்று அங்குலம், ஒல்லி உடம்பு, மீசை கிடையாது. விக்கை மாட்டி முதுகைக் காட்டினால் என் பெண்டாட்டிக்கே அடையாளம் தெரியாது. குரூப்பில் பயல்கள் என்னைக் கோதை என்றுதான் கூப்பிடுவான்கள். கூப்பிட்டுவிட்டுப் போகட்டும். அவன்களுக்கு மாதத்தில் பத்து நாள் வேலை, எனக்கு இருபது நாள்.

சுலோச்சனா! காப்பி கொண்டா!

இந்தப் பக்கமிருந்து கத்தினால் அவளுக்குக் கேட்காது. இடது காது போய் ரொம்ப வருஷம் ஆகிறது. கல்யாணமான புதுசு. குழம்பில் உப்போ என்னவோ, இப்போது ஞாபகமில்லை. அதை விடு. நீயே உள்ளே போய் வலது பக்கம் நின்று சொல்லிவிட்டு வா.

வந்தாயா? கேள்.

எழுபத்தொன்றாம் வருஷம். ஜப்பான்காரனும் நம் ஆளும் சேர்ந்து ஒரு படம். அவள் ஜப்பான் துப்பறியும் பெண், சிலை கடத்துகிறவர்களைப் பிடிக்க மெட்ராஸுக்கு வருகிறாள். கோடம்பாக்கத்தில் ஸ்டூடியோ ஃப்ளோர் எடுத்து முப்பது நாள் ஷூட்டிங், பாதி சண்டை. மாஸ்டர் என்னைக் கூப்பிட்டு, "கோதண்டம், முழுக்க உன் படம்டா" என்றார். கிமோனோ தைக்க அளவு கொடுத்தேன். ஜப்பான் கொண்டை வைத்த விக் ஒன்று பம்பாயிலிருந்து வந்தது.

அவள் வந்து இறங்கினாள். முப்பத்தெட்டு வயசு. என் உயரம், என் எடை. சாமான் மாதிரி நிறுத்திப் பார்த்தால் ஒரே அச்சு. பக்கத்தில் கிருபாகரன். துறைமுகத்தில் ஜப்பான் கப்பல்காரர்களோடு பேசிப் பேசி மொழி கற்றவன், மொழிபெயர்க்க வைத்திருந்தார்கள். மாஸ்டர் என்னைக் காட்டி, "இவன்தான் உங்களுக்கு டூப்" என்றார். கிருபாகரன் சொன்னான். அவள் என்னைத் தலையிலிருந்து கால்வரை பார்த்தாள். குனிந்து வணக்கம் சொன்னாள். அப்புறம் ஏதோ இரண்டு வார்த்தை.

"என்ன சொல்றாங்க?"

"டூப் வேணாமாம். பதினாலு வயசிலேர்ந்து அவங்க சண்டைய அவங்களே போட்டுக்கறாங்களாம்."

ஃப்ளோர் முழுக்கச் சிரித்தது. வரதன் என்று ஒருத்தன், எப்போதும் வாய் அதிகம். "ஏண்டி கோதை, சக்களத்தி வந்துட்டாடி! இனி உன் பாய எங்க விரிப்பே?" என்றான். அவன் பல் ஒன்றை அன்றைக்கே எடுத்தேன். அது கதையில் வேண்டாம்.

மாஸ்டர் என்னை வில்லன் ஆட்களில் ஒருத்தனாக நிறுத்திவிட்டார். ஒன்பது வருஷம் கதாநாயகியாக இருந்தவன், ஆறு அடியாட்களில் ஆறாவது. அது மட்டுமில்லை. ஒருத்தி வேண்டாம் என்றால் நாளைக்கு நம்மூர்க்காரிகளும் வேண்டாம் என்பார்கள். அப்புறம் நான் என்ன செய்வேன்? இந்த உடம்பு வேறு எதற்கு ஆகும்? அவளால் முடியாது என்று இரண்டே நாளில் தெரிந்தாக வேண்டும். அவ்வளவுதான் என் கணக்கு.

சாப்பாட்டு வேளையில் எங்களுக்கு ஒரு பழக்கம். இலை போட்டதும் ஒருத்தன் சட்டையைத் தூக்கித் தழும்பைக் காட்டுவான். இது எந்தப் படம், எந்த மாஸ்டர் என்று சொல்வான். அடுத்தவன் அதைவிடப் பெரியதைக் காட்டுவான். யாரிடம் பெரியது இருக்கிறதோ அவனுக்கு எல்லார் இலையிலிருந்தும் ஒரு துண்டு மீன். அவள் தன் மேக்கப் ரூமில் சாப்பிடாமல் எங்கள் பந்தியில் வந்து உட்கார்ந்தாள். கிருபாகரனைக் கேட்டாள், அவன் விளக்கினான். சிரித்தாள். தட்டைக் கீழே வைத்தாள்.

உன் புத்தகத்துக்கு வேண்டியதெல்லாம் அன்றைக்கு அவள் உடம்பிலிருந்தே சொன்னாள். எழுதிக்கொள்.

விரலைக் காட்டினாள். சுண்டுவிரல் மடங்காது. பதினாலு வயசில் முதல் படம், எதிரியின் வாள் பிடி தட்டியது. அப்பா அம்மா யுத்தத்தில் போய்விட்டார்கள், ஸ்டூடியோவில் சோறு போட்டார்கள், அதனால் விரல் போனதைச் சொல்லவில்லையாம். அப்புறம் காதைத் தொட்டாள். பதினாறு வயசு. அழுகிற சீன், அழுகை வரவில்லை. டைரக்டர் அறைந்தான். பதினோரு டேக், பதினோரு அறை. பன்னிரண்டாவதில் அழுகை சரியாக வந்தது, காதில் ரத்தமும் வந்தது. அந்தப் படத்தில்தான் அவளுக்குப் பேர். பதினாறு வயசுப் பெண்ணம்மா! என்ன மனுஷன் அவன்? மிருகம்.

அப்புறம் தொடை. கூரையிலிருந்து குதித்து எலும்பு முறிந்து உள்ளே கம்பி. அப்புறம் முதுகு, பனி ஆற்றில் மூன்று நாள் நின்று நெஞ்சில் சளி கட்டிக் கத்தி வைத்தது. வருஷத்துக்குப் பத்துப் படம் செய்திருக்கிறாள். வாள்காரி வேஷம் என்றால் ஜப்பானில் அவள்தானாம். அவள் படம் ஓடும் கொட்டகையில் பெண்கள் விசில் அடிப்பார்களாம். முப்பத்தைந்து வயசில் அந்த ஸ்டூடியோ படுத்துவிட்டது. டெலிவிஷன்காரன் அம்மா வேஷத்துக்குக் கூப்பிட்டான். "வாள் பிடிக்க இதுதான் எனக்குக் கடைசிப் படம், அதனால்தான் இவ்வளவு தூரம் வந்தேன்" என்று சொன்னதாகக் கிருபாகரன் சொன்னான்.

எல்லாப் பயலும் எச்சில் கையோடு வாயைப் பிளந்து உட்கார்ந்திருந்தான். வரதன் தன் மீனை எடுத்து அவள் தட்டில் வைத்தான். எல்லாரும் வைத்தார்கள். நான் வைக்கவில்லை. என்னிடம் அதைவிடப் பெரிய தழும்பு இருந்தது, இடுப்பில். காட்ட நேரமில்லை.

பெருமை, வேறென்ன! தன் ஊரில் அடி வாங்கியதை இங்கே வந்து கடை பரப்புகிறாள்.

மறுநாள் பெரிய சண்டை. கிடங்கு செட். அவள் நடுவில் மரவாளோடு, சுற்றி நாங்கள் ஆறு பேர். கடைசியாக நான் சிலம்பக் கம்போடு இடப்பக்கமிருந்து தலைக்கு வீச வேண்டும்.

இங்கே கவனமாகக் கேள். எங்கள் முறை என்ன? ஒன்று, இரண்டு, மூன்று. மூன்றில் கம்பு முழு வேகத்தில் வரும். வாங்குகிறவன் குனிய வேண்டும். அடிக்கிறவன் நிறுத்த மாட்டான். நிறுத்தினால் கேமராவில் பொய் தெரிந்துவிடும். குனிவது வாங்குகிறவன் பொறுப்பு. தலைமுறையாக அப்படித்தான்.

அவள் முறை தலைகீழ். நடுவில் நிற்கிற நட்சத்திரம் அசையாது. வருகிறவன்தான் ஒரு விரல் இடைவெளியில் நிறுத்த வேண்டும். நிறுத்தினதும் அவள் வெட்டுவாள். நிறுத்துவது அடிக்கிறவன் பொறுப்பு.

ரிகர்சலில் அவள் அதைச் சொன்னாள். கிருபாகரன் தமிழில் சொன்னான். "கோதண்டம், அவங்க குனிய மாட்டாங்க. நீங்க நிறுத்தணும்." மூன்று தடவை சொன்னான். மூன்றாவது தடவை அவளே என் கம்பைப் பிடித்து, தன் நெற்றிக்கு ஒரு விரல் முன்னால் வைத்துக் காட்டினாள்.

தலையாட்டினேன். தலையாட்டுவதுதானே எங்கள் வேலை. டைரக்டர் சொன்னாலும் ஆட்டுவோம், டீ கொடுக்கிறவன் சொன்னாலும் ஆட்டுவோம்.

டேக். ஐந்து பேர் வந்தான்கள், ஐந்து பேரும் விழுந்தான்கள். என்ன வேகம் தெரியுமா? சொல்லக் கூடாது, ஆனால் வேகம்தான். நான் வந்தேன். ஒன்று, இரண்டு, மூன்று. வீசினேன்.

அவள் அசையவில்லை.

தேங்காய் உடைகிற சத்தம். வீசின கம்பு என் கையிலிருந்து துள்ளி லைட் ஸ்டாண்டில் போய் விழுந்தது. அவள் கீழே விழவில்லை. முழங்கால் மடங்கி உட்கார்ந்தாள். இடது புருவத்திலிருந்து இமை வரை வாய் பிளந்த மாதிரி. ரத்தம் மோவாயில் வழிந்து கிமோனோவில் சொட்டுகிறது. வெள்ளைக் கிமோனோ. ஒருத்தனும் 'கட்' சொல்லவில்லை. கேமரா ஓடிக்கொண்டே இருக்கிறது. அவள் ஒரு கையால் இமையைச் சேர்த்துப் பிடித்துக்கொண்டு ஏதோ சொன்னாள். கிருபாகரன் அழுதுகொண்டே சொன்னான்.

"இன்னொரு டேக் போலாமான்னு கேக்கறாங்க."

ஆஸ்பத்திரியில் ஒன்பது தையல். இமையைத் தூக்குகிற நரம்பு அறுந்துவிட்டது, இனி அந்தக் கண் பாதிதான் திறக்கும் என்றார்கள்.

தயாரிப்பாளர் குதித்தார். மாஸ்டர் எனக்காகப் பேசினார். "நம்ம முறை வேற, அவங்க முறை வேற. குழப்பமாயிடுச்சு. என் ஃபைட்டர் வேணும்னு அடிக்க மாட்டான். என் புள்ள மேல சத்தியம்." பக்கத்தில் நின்ற தன் பையன் தலையில் கை வைத்துச் சத்தியம் செய்தார். எல்லாரும் ஒப்புக்கொண்டார்கள். ஒப்புக்கொள்ள என்ன இருக்கிறது, முறை வேறுதானே? நானும் அதையேதான் சொன்னேன். அம்பத்து மூன்று வருஷமாக அதையேதான் சொல்லிக்கொண்டிருக்கிறேன்.

வேலை நிற்கக் கூடாதில்லையா? அவள் படுத்திருக்கட்டும், மீதிச் சண்டையை டூப் வைத்து முடி என்றார் டைரக்டர். ஐந்தாம் நாள் காலை மேக்கப் ரூமில் உட்கார்ந்திருக்கிறேன். கிமோனோ கட்டியாகிவிட்டது. விக் வைத்தாகிவிட்டது. கண்ணாடியில் பார்க்கிறேன், அவளேதான். சந்தோஷமாக இருந்தது, பொய் ஏன் சொல்ல வேண்டும்.

கதவு திறந்தது. கண்ணாடியில் இன்னொரு கிக்குயே ஷிரகாமி. பாதி முகம் கட்டு, மீதி கறுத்து வீங்கியிருக்கிறது. நான் எழுந்தேன். அவள் பக்கத்தில் வந்து, என் இடுப்புக் கச்சையை முடிச்சு முடிச்சாக அவிழ்த்தாள். குழந்தைக்குச் சட்டை கழற்றுவதுபோல. கிமோனோவைத் தோளிலிருந்து எடுத்தாள். விக்கை எடுத்தாள். மடித்து வைத்தாள். நான் அண்டர்வேரோடு நிற்கிறேன். வாசலில் பயல்கள் எட்டிப் பார்க்கிறான்கள். பல் போன வரதனுக்கு அன்றைக்கு வாய் நன்றாக வேலை செய்தது. "சக்களத்தி சேலைய உருவிட்டாடி, கோதை!"

அந்தச் சிரிப்பு இருக்கிறதே... சரி, விடு.

ஃப்ளோருக்கு வந்தோம். அவள் கட்டைப் பிரித்துப் போட்டாள். தையலெல்லாம் கறுப்பு எறும்பு வரிசை மாதிரி. கிருபாகரன் சொன்னான்: "அதே ஷாட். அதே ஆள். வேற யாரும் வேணாமாம்."

டைரக்டர் வேண்டாம் என்றார். மாஸ்டர் வேண்டாம் என்றார். அவள் போய் நடுவில் நின்றுவிட்டாள்.

கம்பை எடுத்தேன். ஐந்து பேரும் போனார்கள், விழுந்தார்கள். என் முறை. ஒன்று, இரண்டு. என் கை முழு வேகத்தில்தான் போனது, சத்தியமாகச் சொல்கிறேன். மூன்று. அவள் குனியவில்லை. கண்ணையும் மூடவில்லை. அந்தத் தைத்த கண் பாதி திறந்து என்னைப் பார்த்துக்கொண்டிருந்தது.

நிறுத்தினேன்.

தோள்பட்டை கழன்றுவிட்டது என்றே நினைத்தேன். கம்பு நுனி புருவத்துக்கு ஒரு விரல் முன்னால் நிற்கிறது. நடுங்கவில்லை. அப்படி நிறுத்த இந்த ஊரில் வேறு எவனால் முடியும் சொல்? அவள் என்னை வெட்டினாள். நான் விழுந்தேன். டைரக்டர் 'கட்' என்றார். கைதட்டுவார்கள் என்று படுத்தபடியே காத்திருந்தேன். ஃபேன் ஓடுகிற சத்தம் மட்டும்.

அவள் கிட்டே வந்து குனிந்து வணக்கம் சொன்னாள். ஏதோ சொன்னாள். கிருபாகரன் என்னைப் பார்க்காமல் சொன்னான்.

"உங்களுக்கு நிறுத்தத் தெரியுதுங்கறாங்க."

அவ்வளவுதான் சொன்னாள். பாராட்டுத்தானே அது? நீ ஜப்பான் மொழி படித்தவள், நீயே சொல். பாராட்டுத்தானே?

மாஸ்டர் என்னை செட்டுக்குப் பின்னால் கூட்டிப் போனார். அதே கம்பு. "உன்னால நிறுத்த முடியும். அன்னிக்கும் முடியும்" என்றார். முதல் அடி விலாவில். "என் புள்ள தலைல அடிச்சு சத்தியம் பண்ணேனேடா, நாயே!" அடுத்தது மணிக்கட்டில். அப்புறம் எண்ணவில்லை. கம்பு முறிந்தது, காலால் மிதித்தார். மற்ற ஐந்து பேரும் நின்று பார்த்தான்கள். ஒருத்தன் தடுக்கவில்லை. எனக்கு வாயில் மண்ணும் ரத்தமும். மூன்று விலா போனது, மணிக்கட்டு இன்றுவரை திரும்பாது, பார். யூனியனில், லைட் கட்டுகிற பரணிலிருந்து விழுந்தேன் என்று எழுதிக் கொடுத்தேன். வேறென்ன எழுத?

இதுதான் எனக்குப் புரியாதது. அடித்த அன்றைக்கு ஒருத்தனும் ஒன்றும் சொல்லவில்லை. நிறுத்தின அன்றைக்கு என் பிழைப்பு போய்விட்டது. இது எந்த ஊர் நியாயம்? அப்புறம் முப்பது வருஷம் அடுக்குமாடி வாசலில் வாட்ச்மேன். மாஸ்டர் போய்விட்டார், கிருபாகரன் போய்விட்டான், வரதனும் போய்விட்டான். படம் பாதியில் நின்று, பெட்டியும் எங்கேயோ தொலைந்தது.

அவள் போனாள், நன்றாக இருந்தாள். பாதிக் கண்ணோடு யார் கதாநாயகியாகப் போடுவார்கள்? முப்பத்தொன்பதிலேயே கிழவி வேஷம். அந்தக் கண்ணைக் காட்டித்தான் அம்பது வருஷம்! பேரன் போனில் எல்லாம் போட்டுக் காட்டினான். எல்லாம் பார்த்திருக்கிறேன். மகனைக் கொல்கிற கிழவி, மருமகளைக் காப்பாற்றுகிற கிழவி, ஒரு வார்த்தை பேசாமல் இரண்டு மணி நேரம் அடுப்படியில் உட்கார்ந்திருக்கிற கிழவி. எத்தனை பரிசு! ஒரு பக்கம் தூங்குகிற மாதிரி, ஒரு பக்கம் எல்லாம் தெரிந்த மாதிரி, அந்த முகம்தானே அவள்? வேறு கிழவிகள் யாருக்கு அந்த முகம் இருந்தது? எம்பத்தெட்டு வயசில்கூடக் கூப்பிட்டு நடிக்க வைத்தார்களே, எதற்காக? அந்தக் கண்ணுக்காக. அது யார் போட்டது? நான் போட்டது. அவள் சாகும்வரை சாப்பிட்ட சோற்றில் என் பங்கு இருக்கிறது. அதைத்தான் எழுதச் சொல்கிறேன்.

என்ன தேடுகிறாய் அந்தக் காகிதத்தில்?

படி. சத்தமாகப் படி.

குதிரையா?

இன்னொரு தடவை படி. "இந்தக் கண்ணா? குதிரையிலிருந்து விழுந்தேன்." எந்தப் பத்திரிகையில் சொன்னாள்? டெலிவிஷனிலுமா? மூன்று இடத்திலுமா? அம்பது வருஷமும் அதையேதானா?

அந்தப் படத்தில் குதிரையே கிடையாதம்மா! கோடம்பாக்கத்தில் கிடங்கு செட்டுக்குள் குதிரை எங்கிருந்து வரும்? என் பேர் கூட வேண்டாம், "மெட்ராஸில் ஒருத்தன்" என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே! அவள் உடம்பில் விரலுக்கு ஒரு ஆள், காதுக்கு ஒரு ஆள், எல்லார் பேரையும் சொன்னாளே எங்கள் பந்தியில்! அந்த அறைந்தவன் பேரைக்கூடச் சொன்னாளே! எனக்கு மட்டும் குதிரையா?

நீயும் குதிரை என்றுதான் எழுதப்போகிறாயா? அவள் வாயால் சொன்னது, இவன் தவறிப்போய் அடித்தேன் என்கிறான், எதற்கு வம்பு என்று?

இரு. போகாதே. சுலோச்சனா, நீ காப்பியை வைத்துவிட்டு உள்ளே போ. போ என்கிறேன்.

எழுது. தவறி அடிக்கவில்லை. மூன்று தடவை சொன்னதும் புரிந்தது. அவள் கம்பைப் பிடித்துக் காட்டியதும் புரிந்தது. அசைய மாட்டாள் என்று தெரியும். நிறுத்தத் தெரியும். புருவத்தைக் குறி வைத்தேன், குறி வைத்த இடத்தில் விழுந்தது. வேண்டுமென்றேதான் அடித்தேன். ஜி. கோதண்டம், அப்போது வயது இருபத்தொன்பது. போதுமா? இனி குதிரை என்று எழுத முடியாதே?

எழுதிவிட்டாயா? படித்துக் காட்டு.

ஏன் பேனாவை மூடுகிறாய்? நான் என்ன இல்லாததையா சொன்னேன்? உட்கார். காப்பியைக் குடி. இன்னும் இடுப்புத் தழும்பைப் பற்றிச் சொல்லவில்லை. ஏம்மா, செருப்பு மாட்டுகிறாய்?

ஜி. ஒரே எழுத்து, புள்ளி வைத்து. கோ, தண், டம்.

சுலோச்சனா, நீ எதற்கு அவள் பையை எடுத்துக் கொடுக்கிறாய்? கதவை எதற்குத் திறக்கிறாய்?

சுலோச்சனா. உன்னைத்தான்.